எண்ணுவதற்காக உயர்த்திய கை

ஊருக்குத் திரும்பி வந்த பிறகும், ஒழுங்கைக்குள் ஒரு வாகனம் திரும்புகிற சத்தம் கேட்டால் நான் எழுந்து நிற்கிறேன். கையில் சோற்றுக் கோப்பை இருந்தாலும் அப்படித்தான். கோப்பையை வைத்துவிட்டு, சேலையைச் சரிசெய்துகொண்டு, முற்றத்துக்கு வந்து நிற்பேன். பார்த்தால் பள்ளிமுனையிலிருந்து ஐஸ் கொண்டு வருகிற லொறியாக இருக்கும். பக்கத்து வளவுப் பிலோமினா வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்துச் சிரிப்பாள். "போய்ச் சாப்பிடு லூர்த்து. ஐஸ்காரன்தான். உன்னை எண்ண ஒருத்தரும் வரேல்லை" என்பாள். பகிடிக்குத்தான் சொல்கிறாள். ஆனால் உண்மையும் அதுதான். மன்னாரில் என்னை யாரும் எண்ணுவதில்லை. நான் காலையில் இருந்தேனா, பொழுதுபடும்போது இருந்தேனா என்று எந்த அதிகாரியும் கேட்பதில்லை. இந்த வயதில் அது ஒரு பெரிய விடுதலையாக இருக்க வேண்டும். எனக்கோ வாசலில் கதவு இல்லாத வீட்டில் இருப்பது போல இருக்கிறது.

இந்தியாவில் அகதி முகாமில் இன்னும் இருக்கிற உங்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. கனடாவிலும் லண்டனிலும் இருந்து வாசிக்கிறவர்களுக்குச் சொல்ல வேண்டும். இராமநாதபுரம் பக்கத்தில் நாங்கள் இருபது வருசத்துக்கு மேல் இருந்த முகாமில் செக்கிங் என்று ஒன்று இருந்தது. ஜீப் வந்து ஹார்ன் அடிக்கும். அடுப்பில் இருப்பதை இறக்கி வைத்துவிட்டு எல்லோரும் மைதானத்துக்கு ஓடுவோம். வரிசை வரிசையாக மண்ணில் உட்காருவோம். அதிகாரி மேசைக்குப் பின்னால் இருந்து குடும்ப எண்ணை வாசிப்பார். எங்கள் எண் வந்தால் வீட்டில் உள்ள அத்தனை பேரும் கையை உயர்த்த வேண்டும். அடுத்த எண்ணை வாசிக்கும் வரைக்கும் இறக்கக் கூடாது. வாய் திறக்கத் தேவையில்லை. திறந்தால் சத்தம் போடாதே என்பார்கள். கை உயரவில்லையா, ஆள் இல்லை. ஆள் இல்லையா, பதிவு வெட்டு. பதிவு வெட்டுப்பட்டால் அரிசி இல்லை, இருக்க வீடு இல்லை, அதைத் திரும்பச் சேர்க்க எத்தனையோ வாசலில் போய் நிற்க வேண்டும். என் மனுசன் காய்ச்சலில் கிடந்தபோது அவரைப் பாயோடு தூக்கி வந்து வரிசையில் கிடத்தினோம். கண் மூடியிருந்தபடியே, எங்கள் எண் கேட்டதும் கையைத் தூக்கினார். அதைப் பார்த்து நாங்கள் சிரித்தோம், அவரும் சிரித்தார். அடுத்த செக்கிங்குக்கு அவர் இல்லை.

அங்கிருந்த அதிகாரிகள் கெட்டவர்கள் என்று சொல்ல மாட்டேன். நோய் நொடி என்றால் இரங்கினவர்களும் உண்டு. அவர்கள் பேசியதும் தமிழ், நாங்கள் பேசியதும் தமிழ். ஆனால் அவர்களுடையது கேள்வி கேட்கிற தமிழ். எங்களுடையது பதில் சொல்கிற தமிழ். காலம் போகப் போக அந்தப் பதிலும் வாயிலிருந்து இறங்கிக் கைக்குப் போய்விட்டது. அது போனதை நான் அங்கே இருந்தபோது அறியவில்லை. இங்கே வந்துதான் அறிந்தேன்.

சண்டை முடிந்து சில வருசம் கழித்து நான் தனியாகத்தான் திரும்பினேன். மகள் ஜெசிந்தா முகாமிலேயே கலியாணம் முடித்து, பிள்ளைகளோடு அங்கேயே இருக்கிறாள். மருமகன் பெயின்ட் அடிக்கப் போகிறவர், ஆனால் எங்கள் பக்கத்துக் கடல்காரர் வீட்டுப் பிள்ளை. ஊருக்கு வருவதற்கு அவருக்கு ஒரேயொரு கேள்விதான் இருந்தது. அதை மகள் ஒவ்வொரு முறையும் போனில் கேட்பாள். "அம்மா, அங்க படகு நிறுத்துறதுக்குக் கரை இருக்கா? இவரு கேக்கச் சொன்னாரு. கரை இருந்தா வர்றோம். இல்லைன்னா பிள்ளைங்க படிப்பைக் கெடுத்துட்டு எதுக்கு வரணும்?" நான் சொல்லுவேன்: "இருக்குப் பிள்ளை. கரை இருக்கு. வாங்கோ."

எங்கள் கரை பெரிய கரை இல்லை. கரைவலை இழுக்கிறவர்கள் நின்று இழுக்க ஒரு நீளம். அதற்கு மேற்கே வள்ளங்களை ஏற்றி வைக்க ஓரிடம். மேட்டில், பெண்கள் மீனைக் கீறி உப்புப் போட்டுக் காயவைக்கிற பந்தல்கள். சண்டைக் காலத்தில் கம்பி போட்டு மறித்திருந்தார்கள். கம்பி எடுபட்ட பிறகு ஒவ்வொருவராக வந்து பந்தலைத் திரும்பக் கட்டினோம். பிலோமினா தன் பந்தலுக்குப் பக்கத்தில் எனக்கு இடம் விட்டாள். அவள் கடல் தாண்டாதவள். மடுக் கோயிலுக்கு ஓடி, காட்டுக்குள் இருந்து, திரும்பி வந்து, திரும்ப ஓடி, இந்த மண்ணையே சுற்றிச் சுற்றி வந்தவள். அவள் பேச்சில் அந்த உரிமை இருக்கும். நான் பேசினால் எனக்கே கூச்சமாக இருக்கும். இங்கே மன்னார்த் தாராபுரத்துக் கடையில் நான் வாய் திறந்ததும் கடைக்காரர், "எப்ப இந்தியாவிலயிருந்து வந்தனீங்கள்?" என்று கேட்டார். அங்கே நான் சிலோன்காரி. இங்கே இந்தியாவால் வந்தவள். அரசாங்கக் கந்தோரில் எங்களுக்கு மீள்குடியேறியோர் என்று பெயர். என் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறவள் பிலோமினா ஒருத்திதான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து, பின்னேரம் பொதுநோக்கு மண்டபத்தில் கூட்டம் என்று அறிவித்தார்கள். நாங்கள் முகாமால் வந்த குடும்பங்கள் நேரத்துக்கு முதலே போய்விட்டோம். வாசலில் ஜீப் நின்றது. உள்ளே துணி விரித்த மேசை, அதற்குப் பின்னால் கொழும்பிலிருந்து வந்த அதிகாரி, ஒரு கம்பனிக்காரர், மன்னார் டவுனிலிருந்து மொழிபெயர்க்க வந்த ஒரு பொம்பிளைப் பிள்ளை. ஜீப்பையும் மேசையையும் பார்த்ததும், யாரும் சொல்லாமலே நாங்கள் முன்னால் நிலத்தில் வரிசையாக உட்கார்ந்துவிட்டோம். பின்னால் பிளாஸ்டிக் கதிரைகள் கிடந்தன. ஊரிலேயே இருந்தவர்கள் அவற்றில் இருந்தார்கள். பிலோமினா என் தோளைத் தட்டி, "கதிரை கிடக்குதெல்லோ, ஏன் நிலத்தில குந்திக்கொண்டிருக்கிறாய்?" என்றாள். "இது பரவாயில்லை" என்றேன்.

அதிகாரி சிங்களத்தில் கனநேரம் பேசினார். கம்பனிக்காரர் இங்கிலீசில் பேசி, சுவரில் படம் காட்டினார். வெள்ளைக் குடில்கள், மணல், சாய்ந்து கிடக்கிற ஒரு கதிரை. அழகான படம். பிறகு அந்தப் பிள்ளை எழும்பி, அத்தனை பேச்சையும் சுருக்கிச் சொன்னாள். "ஐயா சொல்லுறார், பாவிக்கப்படாமல் கிடக்கிற இந்தக் கரைப் பகுதியை சுற்றுலா அபிவிருத்திக்கு எடுக்கப் போகினமாம். உங்கட ஆக்களுக்கு வேலைவாய்ப்பு வருமாம். ஆதரவு தாறவை கையை உயர்த்துங்கோ."

பாவிக்கப்படாத கரை, ஒருவரும் பயன்படுத்தாத கரை எது என்று நான் யோசித்துக்கொண்டிருந்தேன். ஓலைத்தொடுவாய்ப் பக்கமாக எங்கேயாவது இருக்கும் என்று நினைத்தேன். அந்த யோசனை முடியவில்லை. அதிகாரி பேனையை எடுத்து, எங்கள் முதல் வரிசையின் ஓரத்திலிருந்து ஒவ்வொரு தலையாகக் காற்றில் தொட்டுக்கொண்டு வந்தார். என் கை உயர்ந்துவிட்டது. நான் உயர்த்தினேன் என்று சொல்ல முடியாது. பக்கத்தில் பார்த்தால் எல்லாக் கையும் மேலே. மடியில் இருந்த குழந்தையின் கையையும் ஒருத்தி பிடித்து உயர்த்தியிருந்தாள். பின்னால் பிலோமினாவின் குரல் கேட்டது. "என்னடி செய்யிறியள்? இறக்குங்கோ கையை." நாங்கள் இறக்கவில்லை. எண்ணி முடியவில்லையே. படம் எடுத்தார்கள். மேசையிலிருந்தவர்கள் கைதட்டினார்கள். அதிகாரி எங்களைப் பார்த்துத் தமிழில் "நன்றி" என்றார். கை உயர்த்தியதற்கு ஒரு அதிகாரி நன்றி சொன்னதை அன்றைக்குத்தான் என் வாழ்க்கையில் முதல் முறை கேட்டேன். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், சந்தோசமாக வீட்டுக்குப் போனேன்.

சில நாள் கழித்து, விடிந்ததும் உப்பு மீன் பேசினோடு கரைக்குப் போனபோது சீமெந்துத் தூண்கள் வரிசையாக நின்றன. என் பந்தல் தூண்களுக்கு உள்ளே. வள்ளம் ஏற்றுகிற இடமும் உள்ளே. கம்பிச் சுருளோடு நின்ற வேலையாளிடம், "தம்பி, இது ஆர் போடச் சொன்னது?" என்று கேட்டேன். அவர் வேறெங்கேயோ இருந்து கூலிக்கு வந்தவர். "எனக்குத் தெரியாது அம்மா. ஊர்ச்சனம் கையை உயர்த்திக் குடுத்ததாம்" என்றார். பேசின் சரிந்து உப்புத் தண்ணீர் என் காலில் ஊற்றியது. கொஞ்ச நேரம் அது தண்ணீர் என்று எனக்குத் தெரியவில்லை. நான் பார்த்துக்கொண்டு நின்றது அந்தக் கம்பியை. முன்பு இதே கரையில் இதே மாதிரிக் கம்பியைப் போட்டபோது அதற்குப் பாதுகாப்பு என்று பெயர். இப்போது அபிவிருத்தி. எங்களைப் போகவிடாமல் மறித்து வைத்திருந்த அத்தனை வருசமும் 'பாவிக்கப்படாத' என்ற சொல்லாக மாறி, எங்கள் குற்றம் போல எங்களிடமே திரும்பி வந்திருந்தது. அந்தச் சொல்லை நான் கூட்டத்தில் காதால் கேட்டவள். அது என் பந்தலைத்தான் சொல்லுகிறது என்று எனக்கு விளங்கவில்லை. என் பந்தலுக்கு அப்படியொரு பெயர் இருக்கும் என்று நான் எப்படி நினைப்பேன்?

பிலோமினா மீன் கீறுகிற கத்தியோடு வந்தாள். "கடல் தாண்டிப் போயிருந்திட்டு வந்து எங்கட கரையைத் தூக்கிக் குடுத்துப்போட்டியள். செல் குண்டு விழேக்கையும் நாங்கள் இந்த மண்ணை விடேல்லை."

"நீயும் மடுவுக்கு ஓடினனிதானே" என்றேன்.

"ஓடினன். கை தூக்கேல்லை."

அப்போதுதான் அவளிடம் செக்கிங்கைப் பற்றிச் சொன்னேன். ஜீப், மைதானம், வரிசை, எல்லாம். இங்கே வந்த நாளிலிருந்து யாரிடமும் சொன்னதில்லை. சொல்லுவதற்கு அதில் ஒன்றும் இல்லை என்று இருந்தேன். அவள் முழுவதையும் கேட்டாள். கடைசியில், "உன்ர மனுசனுமோ?" என்றாள். "காய்ச்சலோட. பாயில கிடந்தபடி" என்றேன். கத்தியைப் பந்தலில் வைத்தாள். "நட கந்தோருக்கு. மற்றவளவையையும் கூப்பிடு" என்றாள்.

கந்தோரில் அதே அதிகாரி, அதே மொழிபெயர்ப்புப் பிள்ளை. மேசைக்கு முன்னால் கதிரைகள் இருந்தன. பிலோமினா போய் ஒன்றில் இருந்தாள். நாங்கள் சுவரோடு சேர்ந்து நின்றோம். அதிகாரி கதிரையைக் காட்டி ஏதோ சொன்னார். "இருக்கச் சொல்லுறார்" என்றாள் அந்தப் பிள்ளை. "பரவாயில்லை ஐயா" என்று நின்றோம். அவர் முகம் சுருங்கியது. எங்கள் மரியாதையை அவர் கோபம் என்று எடுத்திருக்க வேண்டும். அதற்குப் பிறகு எங்கள் பக்கம் திரும்பவே இல்லை, கதிரையில் இருந்தவளோடு மட்டும் கதைத்தார். இது மக்களின் விருப்பம், கூட்டத்தில் ஒருவரும் மறுத்துச் சொல்லவில்லை என்றார். பிறகு கம்ப்யூட்டரை எங்கள் பக்கம் திருப்பினார்.

அந்தப் படத்தை நான் சாகும் வரைக்கும் மறக்க மாட்டேன். மண்டபம் நிறையக் கைகள். நடுவில் நான். என் கை மற்றக் கைகளை விடக் கொஞ்சம் உயரத்தில் இருந்தது. முகத்தில் ஒரு பயமும் இல்லை. படத்தில் இருக்கிற கிழவி மனமொத்துத் தன் கரையைக் கொடுக்கிறாள். யாராவது கேட்டால் நானே அப்படித்தான் சொல்லியிருப்பேன். எங்கள் கரையைக் கொடுத்ததற்குச் சாட்சி நானே. அந்தச் சாட்சி சொல்லுவது பொய் என்று சொல்லவும் நான்தான் இருந்தேன்.

நான் போய்க் கதிரையில் இருந்தேன். அதிகாரிக்கு முன்னால் நான் கதிரையில் இருந்தது அதுதான் முதல் முறை. கால் நிலத்தில் சரியாகப் படவில்லை.

"ஐயா, நாங்கள் கையைத் தூக்கினது எங்களை எண்ணுறதுக்கு" என்றேன்.

அந்தப் பிள்ளை என்னைப் பார்த்தாள். சிங்களத்தில் தொடங்கினாள், நிறுத்தினாள், திரும்பத் தொடங்கினாள். அதிகாரி ஏதோ கேட்டார்.

"ஆர் எண்ணினது எண்டு கேக்கிறார், அம்மா."

"அங்கத்தை ஐயாமார்."

"இஞ்ச உங்களை ஆரும் எண்ணேல்லையே எண்டு சொல்லுறார்."

"அது எனக்குத் தெரியும், பிள்ளை. கைக்குத் தெரியாது."

அவள் அதை மொழிபெயர்க்கக் கொஞ்ச நேரம் எடுத்தாள். அதிகாரி சிரிப்பார் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. கம்ப்யூட்டரைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டார். இன்னொரு கூட்டம் வைப்பதாகச் சொன்னார்.

அந்தக் கூட்டத்துக்குப் பிலோமினா எங்களைப் பழக்கினாள். பந்தலில் மீன் திருப்பிக்கொண்டே பழக்கினாள். "என்ன கேட்டாலும் ஒருத்தரும் கையைத் தூக்கப்படாது. ஜீப் வந்தாலும் சரி, பாப்பரசர் வந்தாலும் சரி. தொடைக்குக் கீழ வைச்சு அமத்திக்கொண்டு இருங்கோ." அப்படியே செய்தோம். இந்த முறை கதிரையில் இருந்தோம், இரண்டு கையும் தொடைக்குக் கீழே. பேச்செல்லாம் முடிந்தது. அந்தப் பிள்ளை எழும்பினாள். "இந்தத் திட்டத்தை எதிர்க்கிறவை கையை உயர்த்துங்கோ" என்றாள்.

ஒரு கையும் உயரவில்லை.

நான் பிலோமினாவைப் பார்த்தேன். அவள் கையும் தொடைக்குக் கீழேதான் இருந்தது. கேள்வியைத் திருப்பி வைக்கலாம் என்று எங்களுக்கு யாரும் சொல்லித் தரவில்லை. கையைத் தூக்கினால் ஓம், சம்மதம். தூக்காவிட்டாலும் ஓம். கேள்வி அவர்களுடைய கையில் இருக்கும் வரைக்கும் எங்கள் கை எங்கே இருந்தாலும் ஒன்றுதான். அதிகாரியின் பேனை காற்றில் நகரத் தொடங்கியது. இப்போது உயர்த்தலாமா, உயர்த்தினால் அது எதற்குச் சம்மதமாகும் என்று எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. கை மரத்துப்போய் இருந்தது.

நான் எழும்பினேன். ஆண்கள் இருக்கிற கூட்டத்தில் நான் வாய் திறந்ததே இல்லை. கோயிலில் செபமாலை சொல்லும்போதும் என் குரல் மற்றக் குரல்களுக்குக் கீழே போகிற குரல்.

"ஐயா, கையால இல்லாமல் வாயால சொல்லலாமோ?"

யாரோ சிரித்தார்கள். அந்தப் பிள்ளை சிரிக்காமல் மொழிபெயர்த்தாள். கம்பனிக்காரர் கையில் கட்டியிருந்த மணிக்கூட்டைப் பார்த்தார். அதிகாரி அவரையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுத் தலையாட்டினார்.

"நான் லூர்த்தம்மா. என்ர பந்தல் அந்தத் தூணுகளுக்கு உள்ளுக்க நிக்குது. அந்தக் கரையை நான் பாவிக்கிறன்."

அவ்வளவுதான் எனக்குச் சொல்ல வந்தது. இருந்துவிட்டேன். பிலோமினா எழும்பினாள். "பிலோமினா. இவளுக்குப் பக்கத்துப் பந்தல். நானும் பாவிக்கிறன்." அவளுக்குப் பின்னால் ஒருவர், "கரைவலை இழுக்கிறனான், பாவிக்கிறன்." பிறகு ஒருவர். பிறகு ஒருவர். அந்தப் பிள்ளை முதலில் எல்லாவற்றையும் மொழிபெயர்த்தாள். பிறகு பெயரை மட்டும் சொன்னாள். பிறகு அதையும் விட்டுவிட்டாள். அதிகாரி பேனையை வைத்துவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தார். பாவிக்கிறன் என்ற தமிழ்ச் சொல் அதற்குள் அவருக்கு விளங்கியிருக்கும்.

இதை வாசித்துவிட்டு நாங்கள் வென்றுவிட்டோம் என்று யாரும் நினைக்க வேண்டாம். பந்தல் பக்கத்துத் தூண்களையும் வலை இழுக்கிற நீளத்துத் தூண்களையும் பிடுங்கினார்கள். மேற்கே, வள்ளம் ஏற்றுகிற இடத்துத் தூண்கள் நிற்கின்றன. அது இரண்டாம் கட்டத்தில் பார்க்கப்படும் என்றார்கள். இரண்டாம் கட்டம் என்றால் எப்போது என்று கேட்டேன், இப்போது எனக்குக் கேட்க வருகிறது. அந்தப் பிள்ளை கேட்டுச் சொன்னாள்: "இரண்டாம் கட்டம் எண்டுதான் சொல்லுறார், அம்மா." அந்தச் சொல்லுக்குள் நாள் இல்லை. இருக்கிற ஒன்றிரண்டு வள்ளங்களை வலை இழுக்கிற இடத்தில் நெருக்கிப் பிடித்து ஏற்றி வைத்திருக்கிறார்கள். புதிதாக ஒன்றுக்கு இடம் இல்லை.

இன்றைக்குக் காலை பந்தலில் நின்றபோது ஜெசிந்தா போன் எடுத்தாள். "படகு நிறுத்துற இடம் என்னாச்சும்மா?" என்று கேட்டாள். முன்பு இருக்குப் பிள்ளை, வாங்கோ என்று வாய்க்கு வந்தபடி சொன்னவள் நான். "பாதிக் கரை திரும்பி வந்திருக்கு. மற்றப் பாதிக்குக் கதைச்சுக்கொண்டிருக்கிறம்" என்றேன். "பாதிக் கரைல பாதிப் படகாம்மா நிறுத்த முடியும்?" என்றாள். அவள் கோபத்தில் சொல்லவில்லை, களைப்பில் சொன்னாள். அதற்குள் போனுக்குள் ஹார்ன் சத்தம் கேட்டது. "ஜீப் வந்துருச்சும்மா, செக்கிங். வச்சுடாத, லைன்லயே இரு. முடிஞ்சதும் பேசுறேன்" என்று ஓடினாள்.

நான் போனைக் காதில் வைத்துக்கொண்டு கேட்டேன். செருப்புச் சத்தம், பிள்ளைகளை அதட்டுகிற சத்தம், பிறகு ஒரு அமைதி. தூரத்தில் ஒருவர் எண்களை வாசித்தார். எங்கள் குடும்ப எண்ணும் வந்தது. என் பெயரை அதிலிருந்து வெட்டிய பிறகு அது இப்போது ஜெசிந்தாவின் எண். வாசித்த பிறகு ஒரு சத்தமும் இல்லை. கை உயர்த்துவதற்குச் சத்தம் கிடையாதே. அவளும் பிள்ளைகளும் உயர்த்தினார்களா, அதிகாரி பார்த்தாரா, ஒன்றும் தெரியவில்லை. காற்று மட்டும் இரைந்தது. அது அந்தக் கரையின் காற்றா, இந்தக் கரையின் காற்றா என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

"லூர்த்து, ஆருக்குக் கை காட்டுறாய்?" பக்கத்துப் பந்தலிலிருந்து பிலோமினா கேட்டாள். "கடலில ஒருத்தரும் இல்லையே."

பார்த்தேன். ஒரு கை போனைக் காதோடு பிடித்திருந்தது. மற்றக் கை, உப்பும் செதிலுமாக, தலைக்கு மேலே நேராக நின்றது.

இறக்கியிருக்கலாம். ஆனால் அவர் அடுத்த எண்ணை இன்னும் வாசிக்கவில்லை.